அந்த டிராக்டர் வீடியோவை மட்டும் அழித்துவிடாதே

டேய் கண்ணா,

ஞாயிற்றுக்கிழமை பேசிக்கொண்டிருக்கும்போதே, "லைன்ல கூப்பிடுறாங்கம்மா" என்று போனை வைத்துவிட்டாய். ஞாயிறு உனக்கு லீவு என்பதை உன் பெண்டாட்டி முந்தின நாளே என்னிடம் சொல்லியிருந்தாள். பரவாயில்லை. நான் ஸ்ரீபெரும்புதூரில் வாயைத் திறந்தால் வாலாஜாபாத் வரை மூடமாட்டேன் என்பது இந்த ரூட்டில் ஓடும் கண்டக்டர்களுக்கே தெரியும், பெற்ற பிள்ளைக்குத் தெரியாதா? அதனால் மீதியை எழுதுகிறேன். வாட்ஸப்பில் அனுப்பினால் இரண்டு நீலக் கோட்டோடு முடித்துக்கொள்வாய். பத்திரிகையில் வந்தால் உன் கம்பெனி பஸ்ஸில் எவனாவது படித்துவிட்டு, "மச்சான், இது உங்கம்மா பேசற மாதிரியே இருக்குடா" என்று உன்னிடம் நீட்டுவான். உன் அப்பா பார்த்துவிடுவாரோ என்று பயப்படாதே. வேலையை விட்டு வந்த வாரம் கண்ணாடியை எங்கேயோ வைத்தவர் இன்றுவரை தேடவில்லை. எழுத்தெல்லாம் அவருக்கு எறும்பு. பேப்பரைப் படித்துக் காட்டுவது நான்தான். இது வெளிவரும் வாரம் ராசிபலனை இரண்டு தடவை படித்து ஒப்பேற்றிவிடுவேன்.

விஷயம் ஒன்றுதான். ஓசூர் கம்பெனியில் உன்னை பர்மனென்ட் ஆக்கப் போகிறார்கள், அதற்கு முன்னால் ஒவ்வொருவன் பக்கத்தையும் போனில் மேய்வார்கள், அதனால் அந்த டிராக்டர் வீடியோவை அழித்துவிடப் போகிறேன் என்றாய். நியாயம்தான். நானாக இருந்தாலும் அழித்திருப்பேன். ஆனால் அழிக்காதே. ஏன் என்பதைச் சொல்ல நான் கொஞ்சம் ஊரைச் சுற்றித்தான் வரவேண்டும். நேராகச் சொல்லும் துணிச்சல் இருந்தால் நான் ஏன் இருபது வருஷமாகத் துணுக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன்?

உனக்குப் பஞ்சாபிப் பாட்டுப் பைத்தியம் பிடித்ததற்கு முதல் காரணம் நம்முடைய டிபன் கடைதான். ஒரகடம் ரோட்டில் எத்தனையோ இடம் இருக்க, டிரெய்லர்கள் லோடுக்காகக் காத்து நிற்கும் மைதானத்துக்கு எதிரிலேயே கடை போட்டேன். டியூஷனுக்குப் போகிறேன் என்று கிளம்பி நீ பஞ்சாபி டிரைவர் பல்வீந்தர் பாஜியின் கேபினில் ஏறி உட்கார்ந்துகொள்வாய்; பாஜி என்றால் அவர்கள் பாஷையில் அண்ணன். பாஜி வருஷத்தில் பாதி நாள் நம் கடை வாசலிலேயே லோடுக்காகக் கிடப்பவர். என் முதல் சப்பாத்தியைக் கையில் எடுத்துப் பார்த்து, "அக்கா, இதுல வண்டி கண்ணாடி துடைக்கலாம்" என்று சொன்ன மனிதர். அந்தக் கேபினில் ஸ்பீக்கர் அடித்த அடியில் என் இட்லிப் பானை மூடி தாளம் போட்டது. மேளம் விழும், ஒருவன் தொண்டையைக் கிழிப்பான், நீ தோளைக் குலுக்குவாய். ஒரு வார்த்தை புரியாது. இங்கிலீஷ் பாடத்தில் பாதிதான் புரிந்தது, அதில் நீ எந்தத் தோளையும் குலுக்கவில்லை என்று அப்போதே நான் கடையில் எல்லாரிடமும் சொல்லிச் சிரித்தேன்.

பிறகு நீ கார் கம்பெனி லைனுக்கு வேலைக்குப் போனாய். தலைக்கு வலைத்தொப்பி, தாடிக்கு ஒரு வலை, எட்டு மணி நேரம் நின்ற இடத்தில் நின்று வரிசையாக வரும் கதவுகளுக்கு ரப்பர் பட்டை அழுத்துகிற வேலை. ஒண்ணுக்குப் போவதற்கும் சூப்பர்வைசரிடம் கையைத் தூக்க வேண்டும் என்று நீ சொன்னபோது, "ரெண்டாங்கிளாஸ்ல பழகினதுதானே" என்றேன். நீ சிரிக்கவில்லை. அந்த மாதத்திலிருந்துதான் மீசை முறுக்கு ஏறியது. கையில் இரும்பு வளையம் வந்தது. ஷிப்ட் முடிந்து பஸ்ஸிலிருந்து இறங்கும்போது கீரைக்கட்டு மாதிரி துவண்டு வருவாய். காதில் அந்தப் பாட்டை மாட்டியதும் நடையே மாறிவிடும். நம் தெரு உனக்குப் போதாமல் போய்விடும். வேலிக்கு வேலி சொந்த நிலம் வைத்திருக்கிறவன் நடக்கிற நடை அது.

அப்படி என்னதான் பாடுகிறான் என்று ஒருநாள் பாஜியிடம் கேட்டேன். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அக்கா, என் நிலம் சொல்றான். என் டிராக்டர் சொல்றான். என் மீசை, என் துப்பாக்கி, என் தோஸ்து நூறு பேர். எவனும் என்னைக் கேக்க முடியாது சொல்றான். அப்பறம் ஒரு பொண்ணு. அவ்வளவுதான்." வரிக்கு வரி வருகிறதே ஒரு சொல், 'ஜட்' என்று, அது என்ன என்றேன். "அது ஜாதி அக்கா. நிலம் வெச்சிருக்கிற ஜாதி. நான் அது இல்ல. எங்க அப்பா அவங்க நிலத்துல வேலை செஞ்சாரு. எனக்கு நிலம் இருந்தா நான் ஏன் இங்க வந்து உன் சப்பாத்தி சாப்பிடறேன்?" அப்புறம் எதற்கய்யா அதையே போட்டுக் கேட்கிறாய் என்றதற்கு டம்ளரை மேஜையில் வைத்துவிட்டுச் சொன்னார்: "அஞ்சு நாள் ஸ்டீயரிங் புடிக்கணும் அக்கா. பாட்டு ஓடற வரைக்கும் நான்தான் அவன்."

இதை நான் உன்னிடம் சொன்னேன், ஞாபகமிருக்கிறதா? சொன்ன விதம்தான் தப்பு. "டேய், எவனோ ஒரு ஊர்ப் பண்ணையாரு ஜாதிப் பேரை நீ கத்திகினு ஆடறியேடா. லூதியானாவுல ஒருத்தன் நம்மூர் நாட்டாமை பேரைச் சொல்லிக் குதிச்சா எப்டி இருக்கும்?" என்று கடை நிறைய ஆள் இருக்கும்போது கேட்டேன். எல்லாரும் சிரித்தார்கள். நீ தட்டை வைத்துவிட்டு எழுந்தாய். "அவனாவது பாட்டுலயாவது என் நெலம்னு சொல்றான். நம்ம வூட்ல யாரு சொன்னது?" என்றாய். உன் அப்பா அப்போது நைட் ஷிப்ட் முடித்துவிட்டுப் பின்பக்கம் குடத்தில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார். குடம் நிரம்பி வழிகிற சத்தம் எனக்குக் கேட்டது. அவர் குழாயை மூடவில்லை.

அந்தக் கேள்விக்குப் பதில் நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை, ஏனென்றால் பதில் நான்தான். உனக்கு விவரம் தெரிந்த நாளாக உன் அப்பாவை வைத்துத்தான் நான் பிழைத்தேன். கடையில் கல்லா நிறைந்தது என் சட்னியால் இல்லை, என் வாயால் என்பார்கள். "எங்க வூட்டுக்காரர் நாய் குரைச்சா, 'யார் வேணும்?'னு கேப்பாரு." "மாடு வழியில படுத்திருந்தா, 'கொஞ்சம் தள்ளிக்கிறீங்களா'ம்பாரு." அவர் செக்யூரிட்டி வேலைக்குப் போனதும் எழுதினேனே: "திருடன் வந்தால் ரிஜிஸ்டரில் பெயர், ஊர், வந்த நேரம் எல்லாம் எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் என் கணவர் உள்ளே விடுவார்." அது ஒரு வார இதழில் படத்தோடு வந்தது. படத்தில் குண்டாக ஒரு வாட்ச்மேன். நீ அதை வெட்டி உன் நோட்டில் ஒட்டிவைத்தாய். பள்ளிக்கூடத்தில் காட்டினாய். பையன்கள் சிரித்தார்கள் என்று ஓடிவந்து சொன்னாய். எனக்கு ஒரே பெருமை. அன்றைக்கு உன் முகத்தில் சிரிப்புக்கு அடியில் வேறு ஏதாவது இருந்ததா என்று இப்போது யோசித்துப் பார்க்கிறேன். இருந்திருக்கும். பார்க்கத் தெரிந்திருந்தால் நான் எதற்கு எழுத்தாளியாகப் போகிறேன்?

வடக்குப்பட்டில் நமக்கிருந்த ஒரு காணி நிலம் தொழிற்பேட்டைக்குப் போனபோது நீ தவழ்ந்துகொண்டிருந்தாய். ஊரில் சிலர் கத்தினார்கள், சிலர் ரோட்டில் உட்கார்ந்தார்கள். உன் அப்பா வரிசையில் நின்று கையெழுத்துப் போட்டுவிட்டு, பேனாவை ஞாபகமாகத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்தார். அந்தப் பேனாவையும் நான் விடவில்லை, அதற்கும் ஒரு துணுக்கு. எதிரே வந்து நின்ற அதிகாரிகளையும் போலீஸையும் பார்த்தால் கத்தியவனுக்கும் கத்தாதவனுக்கும் ஒரே கதிதான் என்பது அன்றைக்கே அவருக்குத் தெரிந்திருந்தது. எனக்குத் தெரியவில்லை. வேடிக்கை என்ன தெரியுமா? நிலம் இருந்தவரை நம்மிடம் டிராக்டர் கிடையாது. ஆடி மாதம் வாடகை டிராக்டருக்காக அவர் அடுத்தவர் வரப்பில் துண்டை விரித்துக் காத்துக்கிடப்பார். எல்லாருக்கும் ஓட்டி முடித்து, ஈரம் காய்ந்த பிறகு நமக்கு வரும். நிலம் போன பிறகு பார், அதே இடத்துக்குக் கப்பலேறப் போகும் புத்தம்புது டிராக்டர்கள் நூற்றுக்கணக்கில் வந்து நின்றன. வேலி போட்டு யார்டு ஆக்கினார்கள். அந்த யார்டுக்குக் காவல், ஏஜென்சி மூலமாக, உன் அப்பா. நம் கிணறு இருந்த இடத்தில் கேட். கேட் பக்கத்தில் அவருக்கு ஒரு நாற்காலி.

இனி அந்த வீடியோ எடுத்த ஞாயிற்றுக்கிழமை. உன் கல்யாணத்துக்கு ஒரு வாரம். அவருக்குப் பகல் டூட்டி. சாயங்காலம் நான் டிபன் தூக்கோடு போயிருந்தேன், நீ ஜரிகைக் குர்தாவில் வந்து நின்றாய். "நைனா, பத்தே நிமிஷம். ஒரு டிராக்டர் மேல உக்காந்து ஒரு ரீலு. நம்ம நெலம்தானே?" என்றாய். உன் அப்பா கேட்டைப் பார்த்தார், கேமராவைப் பார்த்தார், மேஜை மேல் கிடந்த ரிஜிஸ்டரைப் பார்த்தார். பேனாவைக் கையில் எடுத்தார். எடுத்தவர் மறுபடி மூடி சட்டைப்பையில் செருகிக்கொண்டு கேட்டைத் திறந்தார். பதினோரு வருஷத்தில் அந்த ரிஜிஸ்டரில் ஏறாமல் உள்ளே போன ஆள் நீ ஒருவன்தான்.

வீடியோ எடுத்தது நான். நீ சிவப்பு டிராக்டரில் ஏறி உட்கார்ந்து ஒரு காலைத் தூக்கி மட்கார்டில் வைத்தாய். பாட்டைப் போட்டாய். அப்போது உன் அப்பா தொப்பியைச் சரிசெய்துகொண்டு மெதுவாக நடந்து வந்து முன்சக்கரத்தின் பக்கத்தில் நின்றார். அவரை யாரும் கூப்பிடவில்லை. நின்று, வலது கையைத் தூக்கி, மீசையை முறுக்கினார். முறுக்க அங்கே பெரிதாக ஒன்றும் இல்லை, நாலு முடி. இருபத்தெட்டு வருஷத்தில் அவர் அப்படிச் செய்து நான் பார்த்ததில்லை. எனக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "யோவ் செக்யூரிட்டி, ஓரமா நில்லுய்யா, மாப்ளய மறைக்காத" என்றேன். நீயும் சிரித்தாய். அவரும் சிரித்துவிட்டு ஓரமாகப் போய் நின்றார். கையை இறக்கிவிட்டார். அப்புறம் எடுத்ததுதான் நீ போட்ட வீடியோ.

கல்யாணத்தன்றைக்கு பென்னலூர் மண்டபம் முழுக்க அதுதான் பேச்சு. மூன்று நாளில் எத்தனையோ ஆயிரம் பேர் பார்த்துவிட்டார்கள் என்று உன் லைன் பையன்கள் தலைகால் புரியாமல் ஆடினார்கள். வரவேற்புக்கு பாஜி தன் கையாலேயே உனக்கு ரோஜா நிறத் தலைப்பாகை கட்டிவிட்டார். தென்காசியிலிருந்து வந்த உன் மாமியார் வீட்டுப் பெரியம்மா ஒருத்தி என் காதில், "ஏ மதினி, மாப்ளைக்கு மண்டையில அடியா? இவ்ளோ பெரிய கட்டு போட்ருக்காவ?" என்று கேட்டாளே, அதை பாஜியிடம் சொன்னபோது அவர் சிரித்த சிரிப்பில் பாயசம் சிந்தியது. நானும் சிரித்தேன். நான் கடைசியாக அப்படிச் சிரித்தது அன்றைக்குத்தான்.

அடுத்த புதன்கிழமை ஏஜென்சி ஆள் கடைக்கே வந்தான். போனை நீட்டினான். உனக்குப் பின்னால் யார்டு பலகை நம்பரோடு தெரிகிறது; அந்த நேரம் டூட்டியில் இருந்தது யார் என்பது ஏட்டில் இருக்கிறது. "இன்னா பெரியவரே, யாரு இந்தப் பையன்? ரிஜிஸ்டர்ல ஏன் எழுதல?" என்றான். உன் அப்பா எழுந்து நின்று, "எம்புள்ளைதான் சார். வரமாட்டேன்னுதான் சொன்னான். நான்தான் கட்டாயப்படுத்திக் கூப்ட்டேன். எழுத மறந்துட்டேன்" என்றார். மறந்துவிட்டாராம், பேனாவைத் திருப்பிக் கொடுக்க மறக்காத மனிதர். சட்டையையும் தொப்பியையும் நானே துவைத்து மடித்துக் கொடுத்தனுப்பினேன். நீ அப்போது மறுவீட்டுக்குத் தென்காசியில் இருந்தாய். வந்ததும் பெட்டியைக் கட்டிக்கொண்டு புது வேலைக்கு ஓசூர் போனாய். அவர் உன்னைப் பார்த்து ஒன்றும் கேட்கவில்லை. நீ அவரைப் பார்க்கவே இல்லை.

இரண்டு மாதம் கழித்துத்தான் உன்னிடம் போனில் கேட்டேன். நான் எடுத்தபோது நைனா ஓரத்தில் நின்றாரே, நீ போட்டதில் ஆளைக் காணோமே, ஏன்டா என்றேன். நீ யோசிக்கவே இல்லை. "வெட்டிட்டேன்மா. அந்த யூனிபார்மோட அவரு நின்னா பாட்டே கெட்டுப்போவும். 'என் நெலம்'னு அவன் பாடறான், பக்கத்துல வாட்ச்மேன் நிக்கறாரு" என்றாய். உன்னைத் திட்டத்தான் வாயைத் திறந்தேன். முடியவில்லை. நீ வெட்டியது ஓரத்தை மட்டும்தான். அவரை ஓரத்துக்கு அனுப்பியது யார்?

இப்போது நான் சொல்ல வந்ததற்கு வந்துவிட்டேன். உன் அப்பாவுக்கும் அவர் வீடியோவில் இல்லை என்பது தெரியும். அதற்கு அவர் ஒரு காரணம் வைத்திருக்கிறார். நான் சொல்லிக்கொடுத்ததில்லை, அவராகவே கண்டுபிடித்தது. "பாத்தியா, எம்மூஞ்சி தெரிஞ்சா எனக்கு வேலை போயிடும்னு புள்ள கரெக்டா வெட்டிகீறான். நம்பர் போர்டு இருந்ததுக்கு அவன் இன்னா பண்ணுவான், கவனிச்சிருக்க மாட்டான்" என்கிறார். ஒருநாள் இல்லை, தினமும். கடைக்கு வரும் டிரைவர்களிடம், பால்காரரிடம், கேஸ் சிலிண்டர் போடும் ஆளிடம். அன்றைக்கு மாலை வெயில் அவர் முதுகில் அடித்துக்கொண்டிருந்தது. ஆளை வெட்டிய நீ நிழலை விட்டுவிட்டாய். தொப்பியும் கம்புமாக நீளமாக ஒரு நிழல், இடது ஓரத்திலிருந்து வந்து முன்சக்கரத்தில் ஏறி நிற்கிறது. நானே நாலு மாதம் கவனிக்கவில்லை. எழுத்தெல்லாம் எறும்பாகிற கண்ணுக்கு அது மட்டும் தெரிகிறது. போனைக் கையில் வாங்கி ஒவ்வொன்றாக விரல் வைத்துக் காட்டுகிறார்: "இது எம்புள்ள. இது எங்க கொல்லி, எங்க நெலம் இருந்த எடம். இது நானு."

சேவ் பண்ணி அனுப்புகிறேன் என்றாய். அது அவருக்கு ஆகாது கண்ணா. உன் பக்கத்தில் இருக்கிறது, உலகம் பார்க்கிறது, பிள்ளை இன்னும் எடுக்கவில்லை, அதுதான் அவர் பேச்சு. நீ எடுத்துவிட்டால் வேலையும் போய், அது எதற்காகப் போனதோ அதுவும் போய்விடும். உன்னை வரச் சொல்லக்கூட எனக்குத் தைரியமில்லை. வந்தால் உண்மையைச் சொல்லிவிடுவாயோ என்று பயமாக இருக்கிறது. அதை வாய்விட்டுச் சொல்லவும் வேண்டாம், உன் முகமே சொல்லிவிடும், அது என்னைக் கொண்ட முகம். பர்மனென்ட் முக்கியம்தான், எனக்கும் தெரியும். இரண்டையும் தராசில் வைத்துப் பார்த்தால் எது கனக்கும் என்றும் தெரியும். அதனால்தான் தூக்கம் இல்லை. துணுக்கு எழுதி நாலு மாதமாகிறது. காகிதத்தை எடுத்தால் அவர்தான் வருகிறார், இப்போது அவரை வைத்துச் சிரிக்க வரவில்லை. வேறு யாரை வைத்தும் எனக்குச் சிரிக்கத் தெரியாது.

காலை ஷிப்டுக்குப் போகிற நேரத்தில் இன்றைக்கும் எழுந்துவிடுகிறார். குளித்து, தலை சீவி, போக இடமில்லாமல் கடை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்கிறார். நான் மாவைக் கலக்கிக்கொண்டிருக்கும்போது போனை நீட்டுகிறார். "புள்ள எதுனா புதுசா போட்டுகீறானா பாரு" என்பார் முதலில். இல்லை என்பேன். நாற்காலியை ரோட்டுப் பக்கம் திருப்பிப் போடுவார். அப்புறம், "சரி, அது அப்டியேதான இருக்குது?" என்பார். இருக்கிறது என்று இன்றைக்குச் சொன்னேன். நாளைக் காலையும் அதே நேரத்துக்குக் கேட்பார்.

உன் அம்மா